விதி மனப்பாடம், சாலையில் தடுமாற்றம்: எங்கே பிசகுகிறது?

கேள்வி, மார்ச் 3
எழுத்துத் தேர்வில் ஒரே ஒரு கேள்விதான் தவறு. சாலைக் குறிகள் அத்தனையும் தலைகீழாகச் சொல்வேன். ஆனால் ஸ்டியரிங்கைப் பிடித்ததும் எல்லாம் மறந்துபோகிறது. பயிற்சியாளர் "இடைவெளி விடு, இடைவெளி விடு" என்கிறார், எவ்வளவு என்று சொல்வதில்லை. அப்புறம் விதிப் புத்தகம் எதற்கு? ஓட்ட ஓட்டத் தானாக வந்துவிடாதா?

மார்ச் 3, இரவு 9.40
ஓட்ட ஓட்ட வருவது கையும் காலும் பழகுவது மட்டும்தான். கிளட்ச், கியர், வளைவு எல்லாம் ஒரு சில மாதங்களில் கைவந்துவிடும். ஆபத்தை முன்கூட்டிப் பார்க்கிற கண் அப்படித் தானாக வராது. தப்பான பழக்கமும் ஓட்ட ஓட்டத்தான் படிகிறது. நூறு முறை ஒட்டிக்கொண்டு போய் ஒன்றும் ஆகாவிட்டால், அதுதான் சரியான இடைவெளி என்று மூளை எழுதி வைத்துக்கொள்ளும்.

உங்கள் பயிற்சியாளர் சொல்லாமல் விட்டது இது. முன்னால் போகிற வண்டியின் பின்பக்கம் ஒரு கம்பத்தையோ, மரத்தின் நிழலையோ தாண்டும்போது "ஆயிரத்து ஒன்று, ஆயிரத்து இரண்டு" என்று நிதானமாக எண்ணுங்கள். எண்ணி முடிப்பதற்குள் உங்கள் வண்டி அதே இடத்துக்கு வந்துவிட்டால் நெருக்கமாகப் போகிறீர்கள். அது 2 விநாடி. மீட்டரில் சொல்லாமல் விநாடியில் சொல்வதற்குக் காரணம், ஓடுகிற வண்டியில் இருந்து 30 மீட்டரைக் கண்ணால் அளக்க யாராலும் முடியாது. வேகம் கூடினால் 2 விநாடிக்குள் அடங்கும் தூரமும் தானாகக் கூடிவிடும்.

மார்ச் 4, காலை 6.15
நேற்று எழுதியதில் ஒரு திருத்தம். 2 விநாடி விட்டால் எப்படியும் நின்றுவிடலாம் என்று யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம்.

60 கி.மீ. வேகத்தில் வண்டி விநாடிக்கு 16.7 மீட்டர் போகிறது. 2 விநாடி என்றால் 33 மீட்டர். ஆனால் அந்த வேகத்தில் முழுதாக நிற்க எவ்வளவு வேண்டும்? ஆபத்தைக் கண்டு கால் பிரேக்குக்குப் போக 1.5 விநாடி, அதற்குள் 25 மீட்டர் போயாயிற்று. காய்ந்த தாரில், நல்ல டயரில், அழுத்திப் பிடித்தால் இன்னும் 20 மீட்டர். ஆக 45.

33 மீட்டர் போதுமானதாகத் தோன்றுவது, முன்னால் போகிறவரும் பிரேக் பிடித்துத்தான் நிற்பார் என்ற நம்பிக்கையில். அவரும் நிற்பதற்கு 20 மீட்டர் எடுத்துக்கொள்கிறார், அந்த 20 மீட்டர் உங்களுக்கும் கிடைக்கிறது. நின்றுகொண்டிருக்கும் லாரியில் அவர் மோதினால் கிடைக்காது. அவர் சட்டென்று விலகி, நடுவில் பழுதாகி நிற்கும் வண்டி உங்கள் கண்ணெதிரே வந்தாலும் கிடைக்காது. அதனால் 3 விநாடியை வழக்கமாக வைத்துக்கொள்ளுங்கள். மழை, பாரம், பின்னால் ஒட்டிக்கொண்டு வருகிற ஆள், இவற்றில் எது இருந்தாலும் 4.

மார்ச் 4, மாலை
"இடைவெளி விட்டால் ஆளுக்கு ஆள் நுழைகிறார்களே" என்று கேட்டிருந்தவருக்கு: நுழைபவர் நுழையட்டும், ஆக்சிலரேட்டரை லேசாக விட்டுப் பழையபடி 3 விநாடி வாருங்கள். பத்துப் பேர் நுழைந்தாலும் நீங்கள் இழப்பது 30 விநாடி.

மார்ச் 6
"50-க்கும் 60-க்கும் அப்படி என்ன பெரிய வித்தியாசம்? பத்து கி.மீ.தானே" என்று ஒருவர் எழுதியிருக்கிறார். இதைக் கணக்காகவே போட்டுப் பார்த்துவிடலாம்.

இரண்டு கார்கள் பக்கம் பக்கமாக வருகின்றன. ஒன்று 50, இன்னொன்று 60. எதிரே ஒரு குழந்தை ஓடி வருகிறது. இரண்டு ஓட்டுநர்களும் ஒரே கணத்தில் பார்க்கிறார்கள், இருவருக்கும் அதே 1.5 விநாடி. 50-ல் வந்த கார் பிரேக்குக்குக் கால் போவதற்குள் 21 மீட்டர், பிடித்தபின் 14 மீட்டர், ஆக 35-ஆவது மீட்டரில் நிற்கிறது. குழந்தை அங்கேதான் நிற்கிறது என்று வையுங்கள். கார் தொடாமல் நின்றுவிட்டது.

60-ல் வந்தவருக்குக் கால் பிரேக்கைத் தொடும்போதே 25 மீட்டர் போய்விட்டது. மிச்சம் 10 மீட்டர். அதற்குள் எவ்வளவு அழுத்தினாலும் குழந்தை நிற்கும் இடத்தைக் கடக்கும்போது அந்தக் காரின் வேகம் சுமார் 43 கி.மீ.

பத்து கி.மீ. கூடியதற்கு 43-ல் மோதல். பிரேக் தூரம் வேகத்தின் இருமடிப்படி கூடுகிறது, வேகம் இரண்டு மடங்கானால் தூரம் நான்கு மடங்கு. போதாக்குறைக்கு, எந்தப் பிரேக்கும் தன் தூரத்தின் கடைசிப் பகுதியில்தான் வேகத்தை வேகமாகக் கரைக்கும். முதல் பாதித் தூரம் ஓடி முடிந்தும் வேகத்தில் 70 சதவீதம் மிச்சம் இருக்கும். குடியிருப்புத் தெருக்களில் 30 என்று பலகை வைப்பது இந்தக் கணக்கைப் பார்த்துத்தான்.

மார்ச் 7, காலை
சந்திப்பில் பார்ப்பது பற்றி. இதைக் கொஞ்சம் நீளமாக எழுத வேண்டியிருக்கிறது. "இரண்டு பக்கமும் பார்த்தேன், ஒன்றும் இல்லை, எங்கிருந்து வந்தான் என்றே தெரியவில்லை" என்று விபத்துக்குப் பின் சொல்பவர்களில் பெரும்பாலோர் பொய் சொல்வதில்லை. பார்த்தார்கள், தெரியவில்லை.

கண் ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குத் தாவும்போது நடுவில் இருப்பதை மூளை பதிவு செய்வதில்லை. தலையைச் சரசரவென்று இடம் வலம் திருப்பினால் கண் இரண்டு மூன்று இடத்தில்தான் நின்று பார்க்கிறது. இடையில் இருக்கும் ஒல்லியான பைக் அந்த இடைவெளியில் விழுந்துவிடும். மூளை அந்த இடத்தை வெறும் சாலையாக நிரப்பிக் காட்டும். ஆகவே ஒவ்வொரு பக்கமும் அருகில், நடுவில், தொலைவில் என்று மூன்று இடத்தில் கண்ணை நிறுத்துங்கள். பிறகு முதலில் பார்த்த பக்கத்தை இன்னொரு முறை. சாலையைக் கடக்கிற குழந்தைக்குச் சொல்லித் தருகிற அதே பாடம்தான் ஓட்டுநருக்கும்.

இரண்டாவது, முன் கண்ணாடிக்குப் பக்கத்தில் இருக்கும் தூண். கூரையைத் தாங்குகிற அந்தக் கம்பம் ஒரு பைக்கை முழுதாக மறைக்கும், கொஞ்சம் தள்ளி வந்தால் ஒரு காரையே மறைக்கும். இதில் ஒரு சூட்சுமம் இருக்கிறது. நீங்கள் ஒரு சாலையில், அவர் குறுக்குச் சாலையில், இருவரும் மாறாத வேகத்தில் ஒரே புள்ளிக்கு ஒரே நேரத்தில் வந்து சேரப்போகிறீர்கள் என்றால், உங்கள் கண்ணுக்கு அவர் இடம் மாறவே மாட்டார். கண்ணாடியில் அதே இடத்தில் இருந்தபடியே பெரிதாகிக்கொண்டே வருவார். அசைவதைத்தான் ஓரக்கண் பிடிக்கும், அசையாததை விட்டுவிடும். அந்த "அதே இடம்" தூணுக்குப் பின்னால் அமைந்துவிட்டால் கடைசி நொடி வரை தெரியாது. வெட்டவெளியில், தடையே இல்லாத சந்திப்பில்கூடப் பட்டப்பகலில் மோதிக்கொள்வது இப்படித்தான்.

மருந்து எளிது. சந்திப்பை நெருங்கும்போது முதுகை இருக்கையிலிருந்து எடுத்து முன்னும் பின்னும் ஒரு சாண் அசையுங்கள். தூண் நகரும், மறைந்திருந்தது வெளியே வரும். வேகத்தைக் கொஞ்சம் மாற்றினாலும் அந்தக் கோணம் கலைந்துவிடும்.

மார்ச் 7, மதியம்
மேலே உள்ளதைப் பைக் ஓட்டுபவர்கள் மறுபக்கத்திலிருந்து படித்துக்கொள்ளுங்கள். காத்திருக்கும் கார் ஓட்டுநரின் முகம் உங்கள் பக்கம் திரும்பியிருப்பது அத்தாட்சி ஆகாது. அந்தக் காரின் முன்சக்கரத்தைப் பாருங்கள். முகத்தைவிடச் சக்கரம் முதலில் சொல்லிவிடும்.

மார்ச் 9
பைக்கில் முன் பிரேக் பிடித்தால் குட்டிக்கரணம் அடிக்கும் என்று பயந்து பின் பிரேக்கை மட்டுமே மிதிப்பவர்கள் இந்த இழையிலேயே மூன்று பேர். இந்தப் பயத்தை முதலில் போக்க வேண்டும்.

பிரேக் பிடிக்கும்போது பாரம் முன்சக்கரத்துக்குப் போகிறது. முன் டயர் சாலையில் அழுந்துகிறது, பின் டயர் லேசாகிறது. லேசான டயரைப் பலமாகப் பிடித்தால் பூட்டிக்கொண்டு வழுக்கும். நிறுத்தும் பலத்தில் பெரும்பங்கு, ஏறத்தாழ 70 சதவீதம், முன் பிரேக்கில்தான் இருக்கிறது. அதை விட்டுவிட்டுப் பின்னதை மட்டும் நம்பினால் தூரம் கிட்டத்தட்ட இரட்டிப்பாகும்.

கவிழ்வதும் வழுக்குவதும் பெரும்பாலும் வெடுக்கென்று பற்றுவதால். முதலில் நெம்புகோலின் தொய்வு போகும் அளவுக்கு மட்டும் விரலால் இழுங்கள். முன்பக்கம் தாழும், டயர் அழுந்தும். அதன்பின் ஈரத்துணியைப் பிழிகிற மாதிரி அழுத்தத்தைக் கூட்டிக்கொண்டே போங்கள். ஹேண்டில் நேராக இருக்க வேண்டும், பார்வை தூரத்தில். காலி மைதானத்தில் 20 கி.மீ. வேகத்தில் தொடங்கி, ஒவ்வொரு வேகத்திலும் பத்துப் பத்து முறை செய்து, பிறகு 30, 40 என்று ஏறுங்கள்.

வளைவுக்குள் போனபிறகு பிரேக் தேடுவது தாமதம். வேகத்தை வளைவுக்கு முன்னாலேயே, வண்டி நேராக நிற்கும்போதே குறைத்துவிடுங்கள். கண் எங்கே போகிறதோ வண்டியும் அங்கேதான் போகும். பள்ளத்தையே வெறித்துப் பார்த்தால் பள்ளத்தில்தான் இறங்குவீர்கள்.

ஹெல்மெட்: வாரைப் பூட்டியபின் தாடைக்கும் வாருக்கும் இடையே இரண்டு விரல் நுழையலாம், அதற்கு மேல் கூடாது. பிறகு பின்பக்க விளிம்பைப் பிடித்து முன்னால் உருட்டிக் கழற்றப் பாருங்கள். கழன்றால் அளவு தவறு. ஹெல்மெட்டைத் திருப்பினால் கன்னத்துத் தோலும் கூடவே நகர வேண்டும். உள்ளே இருக்கும் தெர்மோகோல் அடுக்கு ஒருமுறை நசுங்கித்தான் தலையைக் காப்பாற்றுகிறது, நசுங்கினால் மீளாது. ஒரு விபத்தில் அடிபட்டதை வெளியே கீறல் இல்லை என்பதற்காக மறுபடி மாட்டாதீர்கள்.

மார்ச் 10
நேற்று சொல்லாமல் விட்டது: மணல், சரளை, ஈரமான இலை, சாலையில் தீட்டிய வெள்ளைக் கோடு, இவற்றின் மேல் முன் பிரேக்கை நன்றாகக் குறைத்துக்கொள்ள வேண்டும். "ஏறத்தாழ 70" என்பது காய்ந்த தாருக்கு.

ஏபிஎஸ் பற்றியும், அதாவது பிரேக் பிடிக்கும்போது சக்கரம் பூட்டிக்கொள்ளாமல் தடுக்கும் அமைப்பைப் பற்றியும், கேட்டிருந்தார்கள். காரில் ஏபிஎஸ் இருந்தால் அவசரத்தில் கிளட்சையும் பிரேக்கையும் ஒருசேர ஓங்கி மிதித்து அப்படியே வைத்திருங்கள். பெடல் காலுக்கடியில் தடதடவென்று உதறும், கரகரவென்று சத்தம் வரும். பலர் அதற்குப் பயந்து காலை எடுத்துவிடுகிறார்கள், அங்கேதான் தூரம் நீள்கிறது. அந்த உதறல் ஏபிஎஸ் வேலை செய்வதன் அடையாளம். விட்டு விட்டு மிதிக்கச் சொல்லும் பழைய பாடம் ஏபிஎஸ் இல்லாத வண்டிக்கு உரியது. ஏபிஎஸ்ஸின் முதல் பயன், பிடித்தபடியே ஸ்டியரிங்கைத் திருப்பி விலக முடிவது. சரளையில் அது நிற்கும் தூரத்தைக் கூட்டவும் செய்யும்.

மார்ச் 12
ஓட்டத் தொடங்குமுன் உட்காருவது. முதுகு முழுதாக இருக்கையில் ஒட்டியிருக்க, கையை நீட்டினால் மணிக்கட்டு ஸ்டியரிங்கின் உச்சியில் படிய வேண்டும். கிளட்சை முழுதாக மிதித்தபோதும் முழங்கால் சற்று மடங்கியிருக்க வேண்டும். நெஞ்சுக்கும் ஸ்டியரிங் நடுவுக்கும் குறைந்தது 25 செ.மீ., ஏர்பேக் விரிய அந்த இடம் தேவை. தலைத் திண்டின் மேல்விளிம்பு உச்சந்தலை மட்டத்துக்கு இருக்கட்டும். கழுத்துக்குத் தலையணையாகத் தாழ்த்தி வைத்தால் பின்னாலிருந்து இடிபடும்போது தலை அதன் மேலாக மடங்கும்.

சீட் பெல்ட்டின் கீழ்ப்பட்டை இடுப்பெலும்பின் மேல் படிய வேண்டும், வயிற்றின் மேல் அல்ல. கர்ப்பிணிகளுக்கு வயிற்றுக்குக் கீழே. மேல்பட்டை தோளின் நடுவே. நில்ஸ் போலின் என்ற ஸ்வீடன் பொறியாளர் 1959-ல் வோல்வோவுக்காக வடிவமைத்த மூன்று முனைப் பெல்ட்தான் இன்றும் உலகம் முழுக்க ஓடுகிறது. அந்த நிறுவனம் காப்புரிமையை மற்றவர்களுக்கும் திறந்துவிட்டது. பின் இருக்கையில் போடாதவர், மோதலில் முன்னால் இருப்பவரின் முதுகில் போய் விழுகிறார். முன்னால் இருப்பவர் பெல்ட் போட்டிருந்தும் பயன் குறைந்துவிடுகிறது.

பக்கக் கண்ணாடிகள்: தலையை ஓட்டுநர் பக்க ஜன்னலில் ஒட்டினாற்போல் சாய்த்து, உங்கள் காரின் ஓரம் மயிரிழை அளவே தெரியும்வரை அந்தப் பக்கக் கண்ணாடியை வெளியே திருப்புங்கள். பிறகு தலையை இரண்டு முன் இருக்கைகளுக்கும் நடுவே கொண்டுவந்து, மற்றக் கண்ணாடியையும் அதேபோல். நேராக உட்கார்ந்தால் உங்கள் கார் தெரியாது, பக்கத்துத் தடம் தெரியும்.

மார்ச் 13
"என் காரே தெரியாவிட்டால் ரிவர்ஸ் எடுப்பது எப்படி?" நியாயமான கேள்வி. ரிவர்ஸில் தலையைச் சாய்த்துக்கொண்டால் ஓரம் தெரியும்.

இப்படி வைத்தபிறகும் தடம் மாறுமுன் தோளுக்கு மேலாக ஒரு பார்வை வேண்டும். வரிசை: உள்கண்ணாடி, பக்கக் கண்ணாடி, இண்டிகேட்டர், தோள் பார்வை, பிறகு ஸ்டியரிங். இண்டிகேட்டரைப் போட்டுக்கொண்டே திரும்புவது மற்றவருக்கு எதையும் அறிவிப்பதில்லை, குறைந்தது 3 விநாடி முன்னால் எரிய வேண்டும்.

லாரி, பேருந்துக்குப் பக்கத்தில்: அந்த ஓட்டுநரின் முகம் அவருடைய கண்ணாடியில் உங்களுக்குத் தெரியவில்லை என்றால், அவருக்கு நீங்களும் தெரியவில்லை. நீள வண்டி திரும்பும்போது அதன் பின்சக்கரம் முன்சக்கரம் போன தடத்தில் போகாது, உள்பக்கமாக வெட்டிக்கொண்டு வரும். லாரிக்கும் நடைபாதை விளிம்புக்கும் இடையே தெரிகிற அந்தச் சந்து வண்டி திரும்பத் திரும்பச் சுருங்கிக்கொண்டே வரும். சைக்கிளும் பைக்கும் அங்கே நுழைந்தே சிக்குகின்றன.

மார்ச் 16, காலை
குறிகளை ஒவ்வொன்றாக மனப்பாடம் செய்யாதீர்கள், வடிவத்தைப் பிடியுங்கள். சாலைக் குறிகள் பற்றிய 1968 வியன்னா உடன்படிக்கையைத் தழுவிய நாடுகளில் பெரும்பாலும் சிவப்பு விளிம்பு முக்கோணம் எச்சரிக்கை, சிவப்பு வளையம் தடை, நீல வட்டம் கட்டாயம். நில் பலகைக்கு மட்டும் எட்டுமூலை, வழிவிடு பலகைக்கு மட்டும் தலைகீழ் முக்கோணம். அழுக்குப் படிந்திருந்தாலும், பின்பக்கமிருந்து பார்த்தாலும், அந்த இரண்டையும் உருவத்தை வைத்தே சொல்லிவிடலாம்.

மார்ச் 16, இரவு
மஞ்சள் விளக்கு ஏன் 3 விநாடி என்று கேட்டவருக்கு. 50 கி.மீ. சாலையில் அதுதான் பரவலான அளவு. 50-ல் 3 விநாடியில் போகும் தூரம் 42 மீட்டர். சிக்னலைக் கவனித்துக்கொண்டே வருபவருக்கு உணர 1 விநாடி, பிறகு உலுக்கல் இல்லாமல் நிதானமாகப் பிரேக் பிடித்தால், நிற்கும் தூரமும் ஏறத்தாழ 42 மீட்டர். நிறுத்தக் கோட்டுக்கு அதைவிடக் கிட்டத்தில் இருந்தால் போய்விடலாம், எட்ட இருந்தால் நின்றுவிடலாம்.

அதே சிக்னலுக்கு 70-ல் வாருங்கள். 3 விநாடியில் 58 மீட்டர்தான் போவீர்கள். நிதானமாக நிற்க 73 மீட்டர் வேண்டும். கோட்டிலிருந்து 58-க்கும் 73-க்கும் இடையில் மஞ்சள் விழுந்தால் சிவப்புக்குமுன் போகவும் முடியாது, சீராக நிற்கவும் முடியாது. வேக வரம்பும் மஞ்சளின் நீளமும் ஒரே கணக்கின் இரண்டு பக்கம். தொலைவிலிருந்தே பச்சையாக எரிந்துகொண்டிருக்கும் விளக்கைக் கண்டால், அது மாறப்போகிறது என்றே காலை ஆக்சிலரேட்டரிலிருந்து எடுத்துப் பிரேக்கின் மேல் வைத்திருங்கள்.

மார்ச் 19
இருவழிச் சாலையில் முந்துவது: 60-ல் போகும் 12 மீட்டர் லாரியை 80-ல் முந்துகிறீர்கள். பின்னால் 33 மீட்டர், லாரியின் நீளம், உங்கள் காரின் நீளம், முன்னால் மறுபடி 33 மீட்டர், ஆக 80 சொச்சம். வித்தியாசம் 20 கி.மீ.தான், அதனால் சுமார் 15 விநாடி எடுக்கும். அதற்குள் நீங்கள் 330 மீட்டர் போவீர்கள், எதிரே 80-ல் வருபவரும் 330 மீட்டர் வருவார். 660 மீட்டருக்குக் காலிச் சாலை கண்ணுக்குத் தெரிய வேண்டும். தெரியாவிட்டால் லாரிக்குப் பின்னாலேயே போங்கள்.

இரவு: லோ பீம், அதாவது தாழ்த்திய முகப்பு விளக்கு, பெரும்பாலும் ஐம்பது, அறுபது மீட்டருக்குள்தான் தெளிவாகக் காட்டும். 80-ல் நிற்க 69 மீட்டர். வெளிச்சம் முடியும் இடத்துக்குள் நிற்க முடியாத வேகம் அது. எதிர் விளக்கு கூசினால் அதைப் பார்க்காமல் உங்கள் பக்கத்துச் சாலை ஓரக் கோட்டைப் பார்த்து ஓட்டுங்கள்.

மழை: டயர்ப் பள்ளம் 1.6 மி.மீ. என்பது பல நாடுகளில் சட்டத்தின் கீழ்வரம்பு. ஆனால் 3 மி.மீ.க்குக் கீழே போனாலே தண்ணீரை வெளியேற்றும் திறன் நன்றாகக் குறைந்துவிடுகிறது. டயர் தண்ணீரின் மேல் மிதக்கத் தொடங்கினால் ஸ்டியரிங் திடீரென்று லேசாகும். பிரேக்கை மிதிக்காமல், திருப்பாமல், ஆக்சிலரேட்டரை விட்டு நேராகப் பிடித்திருங்கள், பிடிப்பு திரும்பும்.

மார்ச் 22
முதல் கேள்விக்கே திரும்புகிறேன். "ஓட்ட ஓட்ட வராதா" என்றதற்கு மார்ச் 3-ல் நான் எழுதியது பாதிதான். வரும், ஆனால் எந்த வரிசையில் ஓட்டுகிறோம் என்பதைப் பொறுத்தது. நியூஸிலாந்து 1987-ல் படிப்படியான உரிம முறையைக் கொண்டுவந்தது. புதியவர் தனியாக ஓட்டலாம், ஆனால் அப்படித் தனியாக ஓட்டத் தொடங்கும் கட்டத்தில் இரவு நேரத்தில் ஓட்டவும், ஆட்களை ஏற்றிக்கொண்டு போகவும் கட்டுப்பாடு. உங்கள் நாட்டில் அப்படிச் சட்டம் இல்லாவிட்டாலும் நீங்களே அந்த வரிசையை வைத்துக்கொள்ளலாம். பகல், காய்ந்த சாலை, தெரிந்த பாதை, பக்கத்தில் அனுபவசாலி. பிறகு நெரிசல், மழை, இரவு, கடைசியில் விரைவுச்சாலை.

அதைவிட முக்கியமான பயிற்சி ஒன்று: வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே ஓட்டுவது. "நிற்கிற பேருந்து, முன்னாலிருந்து ஆள் வரலாம், வேகம் குறைக்கிறேன். நிறுத்திய கார், உள்ளே ஆள் இருக்கிறார், கதவு திறக்கலாம், ஒரு மீட்டர் தள்ளிப் போகிறேன்." மூன்று துண்டு: கண்டது, நடக்கக்கூடியது, செய்யப்போவது. புதியவரின் கண் பானட்டுக்கு முன்னால் உள்ள சாலையிலேயே ஒட்டிக்கிடக்கும். சொல்லத் தொடங்கினால் சொல்ல விஷயம் வேண்டுமே என்று கண் தானாகத் தூரம் போகும். 12 விநாடிக்கு அப்பால் இருப்பதைச் சொல்லப் பழகுங்கள். ஒரு நாளைக்குப் பத்து நிமிடம் போதும், அதற்கு மேல் மூளை களைத்துவிடும்.

மார்ச் 25
தூக்கம். 100 கி.மீ.யில் 3 விநாடி கண்ணயர்ந்தால் 83 மீட்டர் ஓட்டுநரே இல்லாமல் வண்டி போகிறது. ஜன்னலைத் திறப்பதும் பாட்டைக் கூட்டுவதும் சில நிமிடங்களுக்குத்தான். கடைசி சில கிலோமீட்டர் எப்படி வந்தோம் என்று ஞாபகம் இல்லையா, தடக்கோட்டின் மேல் டயர் ஏறுகிறதா, உடனே பாதுகாப்பான இடத்தில் ஒதுக்குங்கள். ஒரு காபி குடித்துவிட்டு 15-20 நிமிடம் கண்மூடுங்கள். காபி வேலை செய்ய ஏறக்குறைய அரைமணி ஆகும், விழிக்கும்போது அது கைகொடுக்கும். இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை இறங்கி நடப்பது, தூக்கம் வருவதற்கு முன்பே செய்ய வேண்டியது.

குடித்தவருக்குக் காபியும் பச்சைத் தண்ணீர்க் குளியலும் எதையும் இறக்காது. கல்லீரல் தன் வேகத்தில்தான் வேலை செய்யும்.

மார்ச் 28
கேள்வி கேட்டவர் திரும்ப எழுதியிருக்கிறார்: "நான்கு நாளாகச் சொல்லிக்கொண்டே ஓட்டுகிறேன். நேர்ச்சாலையில் சரளமாக வருகிறது. பெரிய ரவுண்டானா வந்ததும் வாய் அடைத்துப்போகிறது. கடந்தபிறகுதான் பேச்சு வருகிறது. நிறுத்திவிடலாமா?"

நிறுத்தாதீர்கள், உங்களுக்குத் தேவையான தகவல் அதுதான். பேச்சு நின்ற இடத்தில் வண்டி உங்கள் கணிப்பை முந்திப் போய்விட்டது, கையும் காலும் மட்டும் ஓட்டியிருக்கின்றன. அதே ரவுண்டானாவுக்கு நெரிசல் இல்லாத நேரத்தில் போங்கள். நுழைவதற்கு நூறு மீட்டர் முன்பே ஒரு கியர் இறக்கி, ஓடிக்கொண்டிருக்கும் வண்டிகளைப் பார்த்து ஒரு வாக்கியம் சொல்லுங்கள். வாக்கியம் முடியவில்லை என்றால் அடுத்த சுற்றில் இன்னும் 5 கி.மீ. குறைவாக வாருங்கள். எந்த வேகத்தில் வாக்கியம் முழுதாக வருகிறதோ, இப்போதைக்கு அந்த ரவுண்டானாவில் உங்கள் வேகம் அதுதான்.